அய்யா தேய்த்துப் பார்த்த ஊசி

நவம்பர் 11, செவ்வாய்

விடியும் முன்பே மழை பிடித்துக்கொண்டது. தொண்டாமுத்தூர் பஸ்ஸில் உட்கார இடமில்லை. கம்பியைப் பிடித்தபடி நின்றுகொண்டே தூங்கினேன். முன்னால் நின்ற பூக்காரம்மாவின் கூடையில் தலை முட்டியது. "தலையை விக்கறதுக்குக் கொண்டுபோறீங்களா?" என்றாள். "எடை போட்டுப் பாருங்க, கட்டுபடியானா தந்துபோடறேன்" என்றேன். சிரித்தாள். மிச்சத் தூக்கமும் போச்சு.

ஆய்வகத்தில் வழக்கமான இடத்தில் ஒழுகல். மேலே புது மாடி கட்டுகிறார்கள், கீழே எங்களுக்குத் தண்ணீர். வாளி வைத்தேன். துடைத்தேன். முட்டி இரண்டும் கல்லாக இருக்கிறது.

அட்டெண்டர் வேலையில் எனக்கு இந்த வருஷம் புது உத்தியோகம்: கம்மென்று இருப்பது. சுகந்தி (இனி சு. கை வலிக்கிறது) மிஷினை ஓட்டும்போது வராந்தாவில் காலடி விழக்கூடாது. கதவு அடிக்கக்கூடாது. காற்றாடி கூடாது. லேசாக அதிர்ந்தாலும் படத்தில் அலை அலையாகக் கோடு விழுந்துவிடும். ஆகவே நான் வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, வருகிறவர்களைக் கையைக் காட்டித் திருப்பி அனுப்ப வேண்டும். பிறந்ததிலிருந்து வாய் மூடாதவளுக்கு இந்த வேலை.

மிஷின் சின்னதுதான். டபராவைக் கவிழ்த்து வைத்த மாதிரி. கருங்கல் பலகை மேல் உட்கார்ந்திருக்கிறது, பலகை ரப்பர் கயிற்றில் தொங்குகிறது. ஊரில் லாரி போனாலும் அதற்குத் தெரியக்கூடாதாம். உள்ளே ஓர் ஊசி. அதுதான் பருத்தி இழைமேல் ஊர்ந்து, மேடு பள்ளம் தடவிப் பார்த்து, கம்ப்யூட்டருக்குச் சொல்லும். டிப்பு என்பார்கள். குட்டிப் பெட்டிக்குள் பசைமேல் வரிசையாக ஒட்டி வருகிறது, கடல் தாண்டி. பார்த்தால் அரிசி நொய் அளவு கண்ணாடிச் சில்லு. சில்லின் ஓரத்தில் ஒரு நாக்கு, கொசு இறகு மாதிரி. அந்த நாக்கின் நுனியில் ஊசி. நான் பார்த்ததில்லை. சு.வும் வெறும் கண்ணால் பார்த்ததில்லை. இருக்கிறது என்று நம்பிக்கைதான்.

இந்தப் பெட்டியில் வந்தது பத்து. எல்லாவற்றுக்கும் பேர் வைத்தேன். ஆறாவதுக்கு என் நாத்தனார் பேர், ரொம்பக் கூராக இருந்ததால். ஒரு நாள் சு. வெளியே வந்து, "உங்க நாத்தனார் மழுங்கிப்போயிட்டாங்கக்கா" என்றாள். "நெசமான ஆளு இத்தனை வருஷமாகியும் மழுங்கலியே கண்ணு" என்றேன்.

இன்று ஒன்பதாவது ஓடியது. பெட்டியில் புதுசு இன்னும் ஒன்றே ஒன்று.

பெ. சார் (பெரிய சார், புரபசர்) சாயங்காலம் வந்து சொன்னார். மிஷின் சென்னையிலிருந்து இரவல் வந்தது, தவணை முடிந்துவிட்டது, வரும் திங்கள் கட்டி அனுப்ப வேண்டும். சு. முகம் போன போக்கு. மருந்தில் நனைத்த இழைக்கு இன்னும் மூன்று படம் எடுக்க வேண்டும். அது இல்லாமல் கடைசி அத்தியாயம் எழுத முடியாது. அத்தியாயம் இல்லாமல் பட்டம் இல்லை. அவள் அப்பா கருமத்தம்பட்டியில் தறி ஓட்டுகிறவர், தையில் கல்யாணம் பேசி முடித்துவிட்டார். "அதுக்குள்ள முடிச்சா முடி, இல்லாட்டி மூட்டையைக் கட்டிப்போட்டு வா" என்றாராம். மாப்பிள்ளை வீட்டில், கல்யாணத்துக்கு அப்புறம் காலேஜ் பேச்சே வேண்டாம் என்று முன்னாலேயே சொல்லியாயிற்று.

பஸ். திரும்பவும் நின்றபடி.

நவம்பர் 12, புதன்

தூறல். துவைத்த சேலை காயவில்லை, ஈரத்தோடு கட்டிக்கொண்டு வந்தேன். எங்கள் வீட்டுக்காரர் தென்னந்தோப்புக் காவல். யானை வந்ததாம், தகரம் தட்டி ஓட்டினாராம், அதனால் நானும் தூங்கவில்லை. "என்னைத் தேடியா வந்துச்சு?" என்று கேட்டேன். "உன்னைப் பாத்துத்தான் திரும்பிப் போச்சு" என்கிறார். மனிதருக்கு வாய் நீண்டுவிட்டது, என்னோடு இருந்து இருந்து.

மண்ணெண்ணெய் வாங்கணும். முட்டிக்குத் தைலம். நாத்தனார் அவிநாசியில் புது வீடு கட்டியிருக்கிறாள், ஞாயிறு பால் காய்ச்சுகிறாள், அதற்கு ஒரு எவர்சில்வர் குடம்.

ஒன்பதாவது ஊசி போச்சு. மழைக்காற்றில் இழைமேல் ஈரம் படிந்து, ஊசி பசை போல ஒட்டி, இழுத்ததில் முனை போயிருக்கும் என்றாள் சு. படத்தைக் காட்டினாள். எல்லா மேடும் ஒரே மாதிரி. ஒரே கோணல், ஒரே பக்கமாகச் சாய்வு. அச்சு வைத்துக் குத்தின மாதிரி.

"அழகாத்தான இருக்குது?" என்றேன்.

"இது நூலோட உருவம் இல்லீங்கக்கா. உடைஞ்ச ஊசியோட உருவம். ஊசி மழுங்கிருச்சுன்னா எதைத் தடவினாலும் அதோட மூஞ்சியவே காட்டும்."

அடடா, ஆறாவதுக்கு நாத்தனார் பேர் வைத்தது சும்மா இல்லை என்று நினைத்துக்கொண்டேன். அவளும் ஊரில் யாரைப் பார்த்தாலும் பொறாமைக்காரி என்பாள். சு.விடம் சொன்னேன். சிரிக்கவில்லை. எப்போதும் சிரிக்கிற பெண். தயிர்சாதத்தில் பாதியை என் டப்பாவில் தள்ளிவிட்டாள்.

ஓய்ந்த ஒன்பதையும் பசைப் பெட்டியிலேயே ஒரு பக்கமாக ஒட்டி வைத்திருக்கிறாள். பத்தாவது தனியாக மூலையில். வெயில் அடித்தால் வெள்ளிக்கிழமை போடுவாளாம்.

பெ. சார் சேதி: நாளைக்கு அய்யா வருகிறார், மிஷின் ஊருக்குப் போகும் முன் ஒரு தடவை பார்க்க. ஜன்னல் துடைக்கணும். காபிக்குச் சொல்லணும்.

நவம்பர் 13, வியாழன்

எழுதவே கை வரவில்லை. எழுதிவிடுகிறேன்.

அய்யா என்றால் காலேஜை நடத்துகிறவர், தாளாளர். தலைமுறை தலைமுறையாகப் பஞ்சு வியாபாரம், ஜின்னிங் ஆலை. தங்கமான மனிதர். கூட்டிப் பெருக்குகிற என்னையும் "வாங்க போங்க" என்றுதான் பேசுவார். ஒரே ஒரு பழக்கம். கையில் எது கிடைத்தாலும் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்துத் தேய்த்துப் பார்ப்பார். பஞ்சைப் பிரித்துத் தரம் பார்த்துப் பார்த்து வந்தது. திரைச்சீலை, சாக்பீஸ், மல்லிகை. ஒரு தடவை ஆண்டு விழாவில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த கலெக்டரின் பொன்னாடை.

வந்தார். எல்லாரும் கையைக் கட்டி நின்றோம். சு. மிஷினைக் காட்டினாள். தலையாட்டிக்கொண்டே கேட்டார். அப்புறம், "ஏனுங்கம்மணி, அந்த ஊசி எங்கீங்க?"

பெட்டியைத் திறந்து காட்டினாள். "இதெல்லாம் ஓடி ஓஞ்சதுங்கய்யா. மூலைல இருக்கறதுதான் புதுசு."

குனிந்தார். கண்ணாடியைக் கழற்றினார். மாட்டினார். "ஒண்ணுமே தெரியலீங்களே." பெ. சார் பக்கம் திரும்பி, "கையில எடுத்துப் பாக்கலாமுங்களா?" என்றார்.

அவர் கேட்டுத்தான் எடுத்தார். அதை எழுதி வைக்க வேண்டும்.

"தாராளமாங்கய்யா" என்றார் பெ. சார். சொல்லிவிட்டு அவரே திடுக்கிட்டுப் போனார். முகத்தைப் பார்த்தேன். வாய் தானாகச் சொல்லிவிட்டது.

நான் காபித் தட்டோடு முன்னால் போனேன். "அய்யா, காபி ஆறுதுங்க."

"ஆறட்டுங்க" என்றார்.

நகத்தால் மூலையில் இருந்த சில்லை எடுத்தார். கட்டைவிரல், ஆள்காட்டி விரல். தேய்த்தார். கண்ணை மூடிக்கொண்டு இன்னொரு தடவை. "நைசா இருக்குதுங்க. பிசிரே இல்லீங்க" என்றார். மனப்பூர்வமாகத்தான் சொன்னார். பிறகு அதைச் சு.விடம் நீட்டினார். அவள் வழக்கமாகச் சின்ன இடுக்கியால்தான் தொடுவாள். பெரியவர் கையிலிருந்து இடுக்கியால் வாங்க முடியுமா? இரண்டு கையையும் சேர்த்து ஏந்தி வாங்கிக்கொண்டாள், கோயிலில் விபூதி வாங்குவதுபோல. "பத்திரமா வெச்சுக்குங்கம்மணி, வெளிநாட்டுச் சாமான்" என்றார்.

"சரிங்கய்யா" என்றாள்.

அவர் கார் கேட்டைத் தாண்டும்வரை நாங்கள் மூன்று பேரும் அசையவில்லை. சு. கை அப்படியே ஏந்தினபடி.

நவம்பர் 14, வெள்ளி

மழை நின்றது. வெயில் இல்லை.

பெ. சார் இரண்டு தரம் வந்தார். இரண்டு தரமும் ஜன்னலைப் பார்த்துப் பேசினார். "நான் எப்படி அப்படிச் சொன்னேன்னே தெரியல. ஏம்மா, நீயாவது ஒரு வார்த்தை…"

"நீங்க தாராளமான்னு சொன்னப்பறம் நான் எப்படிங்க சார்?"

"சரசு, நீங்க?"

"நான் காபி ஆறுதுன்னேனுங்களே சார். அதுக்கு மேல என்னத்தைச் சொல்றது?"

அவர் சிரித்துவிட்டார். பாவம், உடனே நிறுத்திக்கொண்டார். புது ஊசிக்கு எழுதினால் வர மாதக்கணக்கு. மிஷினை இன்னும் கொஞ்ச நாள் விட்டு வைக்கச் சொல்லி போன் போட்டாராம், அங்கே வேறு ஆட்கள் வரிசையில் நிற்கிறார்களாம், முடியாது என்றுவிட்டார்கள். "இருக்கறதை வெச்சு எழுதிப் பாரும்மா" என்று சொல்லிவிட்டுப் போனார்.

சு. மதியம் சாப்பிடவில்லை. அவளைச் சிரிக்க வைக்க என்னென்னவோ செய்தேன். பெ. சார் மாதிரி நடந்து காட்டினேன். கல்யாணப் பந்தலில் அவள் கம்ப்யூட்டரைத் தேடுகிற மாதிரி நடித்தேன். அதற்குத்தான் அழுதுவிட்டாள். எனக்கு எங்கே நிறுத்துவது என்று தெரிவதில்லை. வீட்டுக்காரரும் அதைத்தான் சொல்வார்.

சாயங்காலம் கிளம்பும்போது பெட்டியையே வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அக்கா, இந்தச் சில்லுல மறுபக்கத்துலயும் ஒரு நாக்கு இருக்குதுங்க. தடிச்சது. நூலைக் கீறிப்போடும்னு நாங்க தொடறதே இல்லை."

"அதுலயும் ஊசி இருக்குதா?"

"இருக்குதுங்க. யாரும் ஓட்டாத ஊசி."

"அப்பறம் என்ன கண்ணு?"

"ரொம்ப மெதுவா ஓட்டோணும். ரொம்ப ரொம்ப மெதுவா. கீறினா இழை போச்சு, இழையும் இன்னும் கொஞ்சந்தான் இருக்குது."

பஸ்ஸில் இடம் கிடைத்தது. உட்கார்ந்ததும் தூங்கி, இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய், ஈரத்தில் நடந்து திரும்பினேன்.

நவம்பர் 15, சனி

வெயில். துணி காய்ந்தது. அதுவே பெரிய சந்தோஷம்.

சு. காலையிலிருந்து சில்லுகளைத் திருப்பிப் போடுகிறாள். இடுக்கியால் பிடித்து, திருப்பி, கிளிப்பில் மாட்டி, சிவப்பு விளக்கொளியை அந்த நாக்கின் முதுகில் விழ வைக்க வேண்டும். முதலாவது உடைந்தது. இரண்டாவதில் நாக்கே இல்லை, முன்பே போயிருந்தது. மூன்றாவது இழையைக் கீறியது. நான் வாசலில் கம்மென்று. உதட்டைக் கடித்துக் கடித்துப் புண்.

சாயங்காலத்துக்குள் நாத்தனாரைப் போட்டாள். ஆறாவது. அவள் மறுபக்கம்.

பிடித்துக்கொண்டது. கோடு கோடாகப் படம் இறங்கியது, கீறவில்லை. சு. கையை வாயில் வைத்துக்கொண்டு பார்த்தாள். பாதிப் படம் வந்திருக்கும். மேலே மாடியில் "ஙொய்ய்" என்று சத்தம். புதுத் தளத்துக்கு மொசைக் தேய்க்கிற மிஷின். சுவரே அதிர்ந்தது. படம் முழுக்க அலை.

மேலே ஏறினேன், முட்டியைப் பிடித்துக்கொண்டு. மொசைக் தேய்க்கிறவர் சொன்னார்: பசங்க இல்லாத நேரத்தில் முடிக்கச் சொல்லி அய்யா உத்தரவு, நாளைக்கு முழுக்க ஓடும். "செத்த நேரம் நிறுத்துங்க" என்றேன். "அய்யா சொன்னா நிறுத்தறேனுங்க" என்றார்.

கீழே வந்து சொன்னேன். சு. ஊசியை இழையிலிருந்து மெதுவாகத் தூக்கி நிறுத்தி வைத்தாள்.

"நாளைக்கு நீங்க வர வேண்டாமுங்கக்கா. அவிநாசி போகோணுமில்ல? நான் ஏதோ பாத்துக்கறேன்."

"சாவி எங்கிட்டல்ல இருக்குது" என்றேன்.

நாத்தனாருக்குப் போனில் சேதி சொன்னேன், குடம் வீட்டுக்காரர் கையில் வரும் என்று. பதில் உடனே வந்தது: அண்ணி எப்பத்தான் நம்ம நல்லதுக்கு வந்தாங்க.

நவம்பர் 16, ஞாயிறு. கார்த்திகை பிறப்பு.

பஸ்ஸில் மாலை போட்ட சாமிகள். எனக்கு இடம் விட்டார்கள். நன்றாக இருக்கட்டும்.

நாங்கள் போகும்போதே மேலே மிஷின் ஓடிக்கொண்டிருந்தது. சு. என்னைப் பார்த்தாள். நான் நேராக மாடிக்குப் போனேன். யோசிக்கவில்லை. யோசித்திருந்தால் படியிலேயே உட்கார்ந்திருப்பேன்.

"அய்யா நிறுத்தச் சொன்னாருங்க" என்றேன்.

"எப்பங்க?"

"நேத்துப் பொழுதோட. பொழுது உச்சிக்கு வந்தப்பறம் ஓட்டிக்கச் சொன்னாரு."

நிறுத்திவிட்டார். பீடியைப் பற்ற வைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்தார். அவருக்கும் அலுப்புதான்.

ஆய்வகக் கதவைச் சாத்தினேன். ஸ்டூல். வராந்தா முழுக்கக் காலி. கிளியோ என்னவோ மரத்தில் கத்தியது, அதையும் முறைத்தேன். உள்ளிருந்து சு. ஒரு விரல் காட்டினாள் கண்ணாடி வழியாக. முதல் படம். ரொம்ப நேரம் கழித்து இரண்டு விரல். எனக்கு உட்கார்ந்த இடத்திலேயே கால் மரத்துப்போயிற்று, அசைக்கப் பயம்.

மூன்றாவது ஓடும்போது கேட்டில் கார்.

அய்யா. ஞாயிற்றுக்கிழமை தோறும் கட்டட வேலை பார்க்க வருவார் என்பது எனக்கு ஏன் மறந்தது? மாடிக்குப் போனார். இறங்கினார். நேராக என்னிடம் வந்தார். நான் எழுந்து ஓடிப்போய் வராந்தா முனையிலேயே நிறுத்தினேன். ஓடினது என்றால், செருப்பைக் கழற்றிவிட்டு, கால்விரல் நுனியில்.

"ஏனுங்க சரசம்மா, நான் நிறுத்தச் சொன்னேன்னு சொல்றாங்க. நான் சொல்லலீங்களே?"

"இல்லீங்கய்யா. நாந்தான் சொன்னேனுங்க, நீங்க சொன்னதா." முடிந்தவரை மெதுவாக.

கோபம் வந்தால் அவர் குரல் உயராது. இன்னும் மரியாதையாகிவிடும். "எதுக்குங்க அப்படிச் செஞ்சுபோட்டீங்க?"

"உள்ளே சுகந்தி அம்மணி படம் புடிக்குதுங்க. மேல அதிர்ந்தா அழிஞ்சுபோகும். நாளைக்கு மிஷினு போயிருமுங்க."

கொஞ்சம் யோசித்தார். முகம் தெளிந்தது. "அப்படீங்களா. உள்ள போய்ப் பாக்கலாமுங்களா?"

கேட்டுவிட்டார். அதே கேள்வி. என் வாயிலும் தாராளமா என்பது வந்து நின்றது, தொண்டைவரை. முழுங்கினேன்.

"வேண்டாமுங்கய்யா."

அவருக்குப் புரியவே இல்லை. அந்த வார்த்தையை அவர் பார்த்ததே இல்லை போல. நான் சொல்லித்தான் ஆக வேண்டும். சொன்னேன். "அன்னிக்கு நீங்க தேச்சுப் பாத்தீங்களே, அதுதானுங்க கடைசி ஊசி. கை பட்டா ஆகாதுங்க அது. இப்ப ஓஞ்ச ஊசியவே திருப்பிப் போட்டுப் பாத்துட்டிருக்குது. இதுவும் போனா அந்தப் புள்ள படிச்சதெல்லாம் போச்சுங்க."

அய்யா கட்டைவிரலைப் பார்த்தார்.

"அன்னிக்கே சொல்லியிருக்கலாமில்லீங்க? நான் கேட்டுத்தானே எடுத்தேன்."

"கேட்டீங்கய்யா. உங்ககிட்ட வேண்டாம்னு சொல்ற வாய் இங்க யாருக்குங்க இருக்குது?"

"உங்களுக்கு இருக்குதுங்களே."

"எனக்கு முட்டி வலிங்கய்யா. வலியில வந்துபோச்சு."

சிரிக்க வாயைத் திறந்தார். நான் உதட்டில் விரல் வைத்தேன். மூடிக்கொண்டார். போவார் என்று பார்த்தால், போகவில்லை. செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு வராந்தாப் படியில் உட்கார்ந்தார். நான் ஸ்டூலுக்குத் திரும்பினேன். காலேஜை நடத்துகிறவர் கீழே, நான் மேலே. எழுந்து நின்றேன். கால் தாங்கவில்லை. உட்கார்ந்துவிட்டேன்.

வெயில் இதமாக இருந்தது. அவர் தூணில் சாய்ந்தார். சாய்ந்தவர் தூங்கினார். தூங்கினவர் குறட்டை விட்டார். சின்னக் குறட்டை இல்லை, மொசைக் மிஷினின் அண்ணன். உள்ளே மூன்றாவது படம் ஓடுகிறது. என்ன செய்ய? கூப்பிட்டால் அது ஒரு சத்தம். கையால் தொட்டு எழுப்ப மனசு வரவில்லை, அவர் யார், நான் யார். குடையை எடுத்தேன். அதன் நுனியால் அவர் முழங்கையில் வைத்து, மெதுவாக, ரொம்ப ரொம்ப மெதுவாக, அழுத்தினேன்.

கண் விழித்தார். குடையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். தலையை ஆட்டிவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். அப்புறம் தூங்கவே இல்லை. கொட்டாவிகூட வாயைப் பொத்திக்கொண்டு.

கதவு திறந்தது. சு. தலையெல்லாம் கலைந்து, கண் சிவந்து. "மூணும் வந்துருச்சுங்கக்கா" என்றவள், படியில் இருந்தவரைப் பார்த்து அப்படியே நின்றாள். கை தானாகக் கும்பிட்டது.

அய்யா எழுந்தார். "பாக்கலாமுங்களா அம்மணி?"

உள்ளே ஊசி இன்னும் இழை மேலேயே நிற்கிறது, விளக்குகூட அணைக்கவில்லை. சு. என்னைப் பார்த்தாள். நான் சுவரைப் பார்த்தேன். பேசாமல் இருப்பதுதான் என் உத்தியோகம்.

"பாருங்கய்யா" என்றாள். "கையைப் பின்னால கட்டிக்கிட்டுப் பாருங்க."

கட்டிக்கொண்டார்.